ஆஸ்டா நீல்சன்: வாழ்வும் நடிப்பும் குறித்து அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

மௌனப்படக் காலத்தைப் பற்றிப் பேசும்போது சாப்ளினும் கிரேட்டா கார்போவும் உடனே நினைவுக்கு வருகிறார்கள். அவர்களுக்கு முன்பே ஐரோப்பா முழுவதும் அறியப்பட்டிருந்த டென்மார்க் நடிகை ஆஸ்டா நீல்சனின் பெயர் அவ்வளவு எளிதாக நினைவுக்கு வருவதில்லை. அவரது வாழ்க்கை, மேடை அனுபவம், திரைப்படங்கள் ஆகியவை குறித்துப் படிக்கத் தொடங்குபவர்களுக்கு இயல்பாக எழும் கேள்விகளுக்கு இங்கே விடை தரப்பட்டுள்ளது.

ஆஸ்டா நீல்சன் யார்?

1881 செப்டம்பர் 11 அன்று கோபன்ஹேகனில் பிறந்து, நாடக மேடையில் பயிற்சி பெற்று, 1910இல் திரைக்கு வந்து, ஜெர்மனியில் பெரும் புகழ் அடைந்த நடிகை. 1910க்கும் 1932க்கும் இடையில் 74 படங்களில் நடித்தார். அவற்றுள் டென்மார்க்கில் எடுக்கப்பட்டவை நான்கு மட்டுமே. மற்றவை எல்லாம் ஜெர்மன் படங்கள். கடைசிப் படம் ஒன்றுதான் பேசும் படம். ஜெர்மன் மக்கள் அவரைக் குடும்பப் பெயர் இல்லாமல் ‘டி ஆஸ்டா’ என்றே அழைத்தார்கள். 1972 மே 25 அன்று, தொண்ணூறாவது வயதில், தாய்நாட்டில் காலமானார்.

அவர் எத்தகைய குடும்பத்தில் பிறந்தார்?

கோபன்ஹேகனின் வெஸ்டர்புரோ பகுதியில், உழைத்தால்தான் அடுப்பெரியும் என்ற நிலையில் இருந்த குடும்பம் அது. தந்தை கொல்லுத் தொழிலாளி. நிலையான வேலை அவருக்குப் பல சமயம் வாய்க்கவில்லை. தாய் பிறர் துணிகளைத் துவைத்துக் கொடுத்துச் சம்பாதித்தார். தந்தையின் வேலையை முன்னிட்டுக் குடும்பம் கடற்கால்வாயைத் தாண்டி ஸ்வீடனின் மால்மோ நகருக்குக் குடிபெயர்ந்தது. பிறகு கோபன்ஹேகனுக்கே திரும்பித் தொழிலாளர்கள் வாழும் நோர்ரபுரோ பகுதியில் குடியேறியது. ஆஸ்டாவுக்குப் பதினான்கு வயதானபோது தந்தை இறந்துவிட்டார். அதன்பிறகு தாயும் அக்கா யோஹன்னவும் ஆஸ்டாவும் கொண்ட பெண்கள் மட்டுமே வாழ்ந்த வீடாக அது ஆனது.

பின்னாளில் அவர் திரையில் வேலைக்காரியாகவும் தெருவில் நிற்கும் பெண்ணாகவும் வரும்போது, வறுமையை வெளியிலிருந்து பார்த்து நடிப்பவரின் பரிதாபம் அந்த நடிப்பில் இருப்பதில்லை. இந்தப் பின்னணியை அறிந்துகொண்டு படங்களைப் பார்ப்பவருக்கு அதன் காரணம் விளங்கும்.

நாடகத்துறைக்கு எப்படி வந்தார்?

பதினெட்டு வயதளவில் கோபன்ஹேகன் ராயல் தியேட்டரின் நடிப்புப் பள்ளியில் அவருக்கு இடம் கிடைத்தது. அந்நாட்டு நாடகக் கலையின் உச்ச பீடம் அது. துணி துவைப்பவரின் மகளுக்கு அங்கே நுழைவு கிடைப்பது அரிய காரியம். அரங்கின் மூத்த நடிகரான பீட்டர் யெர்ன்டோர்ஃப் அவருக்குப் பயிற்சி அளித்தார்.

பயிற்சி முடியும் முன்பே, 1901இல், ஆஸ்டா ஒரு பெண் குழந்தைக்குத் தாயானார். மணமாகாத நிலையில் பிறந்த அந்தக் குழந்தைக்கு யெஸ்டா என்று பெயரிட்டார். தந்தை யார் என்பதை அவர் கடைசிவரை வெளியிடவில்லை. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இது ஓர் இளம் நடிகையின் எதிர்காலத்தையே முடித்துவிடக்கூடிய செய்தி. அவரோ குழந்தையை மறைக்கவும் இல்லை, கைவிடவும் இல்லை. தாயும் அக்காவும் வளர்ப்பில் துணை நிற்க, மேடையைத் தொடர்ந்தார். 1902இல் பயிற்சி முடிந்தது. பிறகு கோபன்ஹேகனின் டக்மார் தியேட்டரில் வேலை செய்தார். 1905 முதல் 1907 வரை நார்வேயிலும் ஸ்வீடனிலும் ஊர் ஊராகச் சென்று நாடகம் போடும் குழுக்களோடு சுற்றினார். திரும்பி வந்தபின், 1908இல் திறக்கப்பட்ட ‘புதிய நாடக அரங்கம்’ என்ற கோபன்ஹேகன் அரங்கில் சேர்ந்தார்.

மேடை அவரை ஏன் ஏற்றுக்கொள்ளவில்லை?

ஏற்றுக்கொள்ளவே இல்லை என்று சொல்வது மிகை, வேடங்கள் கிடைத்தன. ஆனால் முதன்மை வேடங்கள் கிடைக்கவில்லை. அக்கால டேனிஷ் மேடை எதிர்பார்த்த கதாநாயகிக்கு வெளிர்நிறக் கூந்தலும் மென்மையான குரலும் பூசினாற்போன்ற உடலும் வேண்டும். ஆஸ்டாவோ மெலிந்த உடலும் கருங்கூந்தலும் பெரிய கருங்கண்களும் தாழ்ந்த குரலும் கொண்டவர். இளங்காதலி வேடத்துக்கு அவர் பொருந்தமாட்டார் என்று அரங்க நிர்வாகிகள் கருதினார்கள்.

அந்த நிர்வாகிகளின் கண்ணோட்டத்தை அக்காலத்தின் ரசனை என்று சொல்லி மன்னித்துவிட என்னால் முடியவில்லை. பத்தாண்டு காலம் ஒரே நகரத்தில் கண்முன்னே இருந்த நடிகையின் ஆற்றலை அந்நகரத்தின் எந்த அரங்கமும் முழுமையாகப் பயன்படுத்தவில்லை. மேடையில் குறையாகக் கருதப்பட்ட அந்தக் கண்களும் மெலிந்த உடலும்தான் திரையில் அவரது முழு பலமாக அமைந்தன.

முதல் திரைப்படம் எப்படி உருவானது?

திரைப்பட நடிகையாக வேண்டும் என்ற ஆசையில் அது உருவாகவில்லை. புதிய நாடக அரங்கில் பணியாற்றிய ஊர்பான் காட் என்பவர் அவரது திறமையை உணர்ந்தவர். ஒரு படம் எடுத்து அதில் ஆஸ்டாவின் நடிப்பைக் காட்டினால் நாடக அரங்க நிர்வாகிகள் கவனித்து நல்ல வேடம் தருவார்கள் என்பதே இருவரின் எண்ணம். ‘கோஸ்மோராமா’ என்ற திரையரங்கை நடத்திவந்த யால்மார் டேவிட்சன் பணம் போட்டார். சுமார் 8,000 குரோனர் செலவில் 1910 கோடையில் படப்பிடிப்பு சில நாட்களில் முடிந்தது. ஆல்ஃப்ரட் லின்ட் ஒளிப்பதிவு செய்தார். பின்னாளில் டென்மார்க்கின் மாபெரும் மேடை நடிகராக விளங்கிய பௌல் ரோய்மெர்ட் ஆஸ்டாவுக்கு இணையாக நடித்தார்.

‘அஃப்குருண்டன்’ (படுகுழி) என்ற அந்தப் படம் 1910 செப்டம்பர் 12 அன்று, ஆஸ்டாவின் பிறந்தநாளுக்கு மறுநாள், கோஸ்மோராமாவில் திரையிடப்பட்டது. பார்க்க வந்தவர்கள் திகைத்துப் போனார்கள். ஆனால் எந்த நோக்கத்துக்காகப் படம் எடுக்கப்பட்டதோ அது நிறைவேறவில்லை. நாடக அரங்குகளிலிருந்து அழைப்பு வரவில்லை. அழைப்பு வேறு நாட்டிலிருந்து, வேறு கலைக்காக வந்தது.

‘படுகுழி’ படத்தில் அப்படி என்னதான் இருக்கிறது?

கதை சுருக்கமானது. மாக்டா என்ற பியானோ ஆசிரியை டிராம் வண்டியில் ஓர் இளைஞரைச் சந்திக்கிறாள். அவர் பாதிரியாரின் மகன். அவருடைய பெற்றோர் வீட்டுக்கு விருந்தாளியாகச் செல்கிறாள். அந்த ஊருக்கு ஒரு சர்க்கஸ் வருகிறது. சர்க்கஸ்காரன் ருடோல்ஃப் மீது அவளுக்கு மோகம் பிறக்கிறது. இரவோடு இரவாக அவனோடு போய்விடுகிறாள். அவன் வேறு பெண்களைத் தேடுகிறான், அடிக்கிறான், அவள் சம்பாத்தியத்தில் வாழ்கிறான். அவளாலோ அவனை விட்டு விலக முடியவில்லை. முடிவில் கைகலப்பில் கத்தியால் அவனைக் குத்திவிடுகிறாள்.

இந்தப் படத்தின் புகழுக்குக் காரணமான காட்சி நடுவில் வரும் கௌச்சோ (தென் அமெரிக்க மாடுமேய்ப்பர்) நடனம். மாக்டாவும் ருடோல்ஃபும் ஒரு வேடிக்கை அரங்கின் மேடையில் ஆடுகிறார்கள். உடலோடு ஒட்டிய கறுப்பு உடை அணிந்த மாக்டா கயிற்றால் அவனைக் கட்டிப்போட்டுவிட்டு, அவனைச் சுற்றிவந்து, அவன் உடல்மீது உரசியபடி ஆடுகிறாள். கேமரா பார்வையாளர் பக்கம் இல்லை. பக்கத் திரையின் ஓரத்தில், மேடை ஊழியர்கள் நிற்கும் இடத்தில் இருக்கிறது. ஆகவே நாம் காண்பது அரங்கின் கூட்டத்துக்காக ஆடப்படும் நடனத்தை மட்டுமல்ல. அந்தக் கூட்டத்தை மறந்துவிட்டு ஒரு பெண் தன் காதலனிடம் காட்டும் வேட்கையையும் அவமானத்தையும் அருகிலிருந்து காண்கிறோம். வெளிநாடுகளில் தணிக்கையாளர்களின் கத்தரி முதலில் தேடிச்சென்ற இடமும் இதுதான்.

எனினும், என் மதிப்பீட்டில் படத்தின் சிறந்த பகுதி கடைசிக் காட்சியே. கொலை முடிந்துவிட்டது. காவலர்கள் அவளை வெளியே அழைத்துவருகிறார்கள். பழைய காதலன் அங்கே நிற்கிறான். அக்கால வழக்கப்படி இந்த இடத்தில் நடிகை கைகளை விரித்து அழுது மண்டியிட வேண்டும். ஆஸ்டா எதுவுமே செய்வதில்லை. முகம் வெறுமையாக, கண்கள் எதையும் பாராமல், நடக்கிறார், அவ்வளவுதான். அந்த நடை முடியும்வரை கேமரா பொறுமையாகக் காத்திருக்கிறது.

அவரது நடிப்பில் புதுமை என்று எதைச் சொல்கிறார்கள்?

1910ஆம் ஆண்டளவில் திரைநடிப்பு என்பது பெரும்பாலும் மேடைநடிப்பின் மிகைப்படுத்தப்பட்ட வடிவமாகவே இருந்தது. பேச்சு இல்லாததை ஈடுகட்ட நடிகர்கள் கைகளை வீசினார்கள், நெஞ்சில் அடித்துக்கொண்டார்கள், கண்களை உருட்டினார்கள். கேமரா அருகில் இருக்கிறது என்பதால் கடைசி வரிசைக்குக் காட்டவேண்டிய தேவை இல்லை என்பதை ஆஸ்டா தன் முதல் படத்திலேயே உணர்ந்துகொண்டார். உணர்ச்சி பெருகும் இடத்தில் அவர் அசைவைக் குறைத்தார். ஒரு தீர்மானம் மனத்தில் உருவாவதை, அது செயலாகும் முன்பே, முகத்தில் காணும்படி செய்தார். இரு உணர்ச்சிகள் ஒரே நேரத்தில் மோதிக்கொள்வதை அவர் முகத்தில் பார்க்க முடியும். அன்றைய திரையில் வேறு எவரிடமும் இதை இந்த அளவுக்கு நான் கண்டதில்லை.

முகம் மட்டும் நடிக்கவில்லை என்பதையும் சேர்த்துச் சொல்லவேண்டும். முதல் ஆண்டுகளின் படங்களில் அண்மைக் காட்சிகள் மிகக் குறைவு. முழு உடலும் சட்டகத்துக்குள் இருக்கும். முதுகைக் காட்டி நின்றபடியே தோள்களால் துயரத்தைச் சொல்லும் கலை அவருக்குக் கைவந்திருந்தது. உடைகளை அவரே தேர்ந்தெடுத்தார். எந்தத் துணி எந்த வெளிச்சத்தில் எப்படி விழும் என்பதில் கூர்ந்த கவனம் கொண்டிருந்தார். திரைப்படத்தை ஒரு தனிக் கலையாக ஆராய்ந்த முன்னோடிகளுள் ஒருவரான ஹங்கேரிய எழுத்தாளர் பேலா பாலாஷ், 1920களில் முக நடிப்பைப் பற்றி எழுதியபோது ஆஸ்டாவையே உச்ச எடுத்துக்காட்டாகக் கொண்டார்.

அவர் ஏன் ஜெர்மனிக்குச் சென்றார்?

தாய்நாட்டில் தக்க வாய்ப்பு வரவில்லை என்பது ஒரு காரணம். படத்தொழிலின் வணிக முறையில் அப்போது நிகழ்ந்துகொண்டிருந்த மாற்றம் இன்னொரு காரணம்; இது சற்று விளக்கப்பட வேண்டியது.

அதுவரை படச்சுருள்கள் மீட்டர் கணக்கில் விற்கப்பட்டன. பணம் கொடுத்த எவரும் வாங்கி, எங்கு வேண்டுமானாலும் ஓட்டலாம். ஒரே தெருவில் இரண்டு கொட்டகைகளில் ஒரே படம் ஓடும், விலை சரியும், படமும் விரைவில் பழசாகும். ‘படுகுழி’ ஜெர்மனிக்கு வந்தபோது லுட்விக் கோட்ஷால்க் என்ற விநியோகஸ்தர் புதிய வழியைக் கையாண்டார். ஒரு வட்டாரத்தில் ஒரு திரையரங்குக்கு மட்டும், குறிப்பிட்ட காலத்துக்கு, திரையிடும் தனியுரிமையைக் கொடுத்தார். ஜெர்மனியில் ‘மோனோபோல்ஃபில்ம்’ எனப்பட்ட இந்த முறையில் திரையரங்கு உரிமையாளர் கூடுதல் கட்டணம் வசூலிக்கலாம், விளம்பரம் செய்யலாம். ஆனால் மக்களை ஈர்க்க ஒரு பெயர் வேண்டும். நடிகையின் பெயரைச் சுவரொட்டியில் பெரிதாகப் போட்டு, அந்தப் பெயருக்காகவே கூட்டத்தை வரவழைக்கும் நட்சத்திர முறை ஜெர்மனியில் வேரூன்றியது இந்தத் தேவையிலிருந்துதான்.

திரையரங்குச் சங்கிலி ஒன்றை நடத்திவந்த பவுல் டேவிட்சன் 1911இல் ஆஸ்டாவையும் ஊர்பான் காட்டையும் தொடர் ஒப்பந்தத்தில் கையெழுத்திட வைத்தார். ஒரு பருவத்தின் படங்கள் எடுக்கப்படும் முன்பே ‘ஆஸ்டா நீல்சன் வரிசை’ என்ற பெயரில் திரையரங்குகளுக்கு விற்கப்பட்டன. என்ன கதை என்று தெரியாமலேயே, அவர் நடிக்கிறார் என்பதற்காக மட்டும் அரங்க உரிமையாளர்கள் பணம் கட்டினார்கள். அந்த ஒப்பந்தங்களில் தன் கலை குறித்த முடிவுகளில் தனக்கு இடம் இருக்கவேண்டும் என்பதில் அவர் உறுதியாக இருந்தார். வறுமையில் வளர்ந்த அவருக்குத் தன் உழைப்பின் விலை நன்றாகவே தெரிந்திருந்தது.

ஊர்பான் காட் யார்?

‘படுகுழி’யை எழுதி இயக்கியவர். டென்மார்க்கில் நாடகாசிரியராகவும் நடத்தை நெறிகள் குறித்த நூலுக்காகவும் புகழ்பெற்ற எம்மா காட் அம்மையாரின் மகன். 1912இல் ஆஸ்டாவை மணந்தார். முதல் உலகப்போர் தொடங்கும்வரை ஆஸ்டா நடித்த படங்களில் மிகப் பெரும்பாலானவற்றை இயக்கியவர் இவரே. போர்க்காலத்தில் இருவரும் பிரிந்தார்கள். பிறகு மணமுறிவும் நிகழ்ந்தது. அவரைவிட்டு விலகியபின் ஆஸ்டா வளர்ந்துகொண்டே போனார். காட்டின் பெயரோ மங்கிவிட்டது. ஆனாலும் நடிகைக்கு இடம் விட்டு ஒதுங்கி நிற்கத் தெரிந்த இயக்குநர் என்ற பெருமை அவருக்கு உரியது.

சோக வேடங்களில் மட்டும்தான் நடித்தாரா?

அப்படி ஒரு எண்ணம் பரவியிருக்கிறது, அது சரியல்ல. நடனக்காரி, ஜிப்ஸிப் பெண், உளவாளி, கொள்ளைக் கூட்டத் தலைவி, நடிகை எனப் பல வேடங்களை அந்த ஆண்டுகளில் ஏற்றார். 1913இல் வெளிவந்த ‘டி சஃப்ரகெட்ட’ படத்தில் பெண்களின் வாக்குரிமைக்காகப் போராடும் இளம்பெண்ணாக வருகிறார். சிறையில் உண்ணாவிரதம் இருக்கும் பெண்ணுக்கு வலுக்கட்டாயமாக உணவு புகட்டும் காட்சி அதில் உண்டு. இங்கிலாந்தில் அது உண்மையாகவே நடந்துகொண்டிருந்த காலம். கதை அவள் மணமாகித் தாயாவதில் முடிகிறது. அந்த முடிவு எனக்கு ஏமாற்றம் தருகிறது, ஆயினும் சிறைக் காட்சியின் வலிமையை அது அழித்துவிடவில்லை.

நகைச்சுவையில் அவரது ஆற்றலைக் காண ‘எங்கெலைன்’ (குட்டித் தேவதை, 1914) போதும். வாரிசுச் சொத்துக்காகப் பதினேழு வயதுப் பெண் ஒருத்தி பன்னிரண்டு வயதுச் சிறுமியாக நடிக்கவேண்டிய கட்டாயம். அமெரிக்காவிலிருந்து வந்த பணக்கார மாமாவின் முன்னால் அந்த வேடம் கலையக் கூடாது. ஆஸ்டாவுக்கு அப்போது வயது முப்பத்திரண்டு. மாமாவின் கண்முன் குட்டைப் பாவாடையில் துள்ளுவதும், அவர் திரும்பியவுடன் வளர்ந்த பெண்ணாக மாறிவிடுவதும், மறைவில் சிகரெட் பிடிப்பதுமாக, உடலின் எடையையே கணத்துக்குக் கணம் மாற்றிக் காட்டுகிறார்.

பாபெல்ஸ்பெர்க் படப்பிடிப்பு நிலையத்துக்கும் அவருக்கும் என்ன தொடர்பு?

பெர்லினை அடுத்த பாபெல்ஸ்பெர்க்கில் ஒளிப்பதிவாளர் கைடோ ஸேபெரின் முயற்சியில் கண்ணாடிக் கூரையும் கண்ணாடிச் சுவர்களும் கொண்ட படப்பிடிப்பு நிலையம் கட்டப்பட்டது. பகல் வெளிச்சத்தை நம்பிப் படமெடுத்த காலம் ஆகையால் கண்ணாடி. 1912 பிப்ரவரி 12 அன்று அங்கே தொடங்கிய முதல் படம், ஆஸ்டா நடித்த ‘டெர் டோடன்டான்ஸ்’ (மரண நடனம்). ஜெர்மன் சினிமாவின் தலைமைக் களமாகப் பின்னர் வளர்ந்த அந்த இடத்தில் இன்றும் படங்கள் எடுக்கப்படுகின்றன.

ஹாம்லெட்டாக ஒரு பெண் நடித்தது எப்படி?

ஷேக்ஸ்பியர் நாடகத்தின் டென்மார்க் இளவரசன் ஹாம்லெட்டாகப் பெண்கள் ஆண் வேடமிட்டு நடிப்பது மேடையில் முன்பே இருந்த வழக்கம். ஆஸ்டா செய்தது வேறு. ஹாம்லெட் பிறப்பிலேயே பெண் என்று கதையையே மாற்றினார்கள். எட்வர்ட் வைனிங் என்ற அமெரிக்க ஆய்வாளர் 1881இல் வெளியிட்ட நூலில் முன்வைத்த கருத்து அது. 1920இல் ஆஸ்டா தொடங்கிய சொந்தத் தயாரிப்பு நிறுவனம் அந்தக் கருத்தை எடுத்துக்கொண்டது. ஸ்வென்ட் காட, ஹைன்ஸ் ஷால் ஆகியோர் இயக்க, 1921இல் படம் வெளிவந்தது.

போரில் டென்மார்க் மன்னர் இறந்துவிட்டதாகச் செய்தி வருகிறது. அந்த நேரத்தில் அரசிக்குப் பெண் குழந்தை பிறக்கிறது. வாரிசு இல்லையென்றால் அரியணை போய்விடும் என்று அஞ்சிய அரசி, பிறந்தது இளவரசன் என்று அறிவிக்கிறாள். மன்னர் உயிரோடு திரும்பிய பிறகும் அறிவித்ததை மாற்ற முடியவில்லை. அந்தப் பெண் ஆணாகவே வளர்ந்து, விட்டன்பெர்க் பல்கலைக்கழகத்துக்குப் போகிறாள். அங்கே நண்பன் ஹொரேஷியோவை மனத்துக்குள் நேசிக்கிறாள். ஹொரேஷியோவோ ஒஃபீலியாவை விரும்புகிறான். தந்தையின் கொலைக்குப் பழிவாங்கும் கடமையோடு, வெளியே சொல்ல முடியாத காதலும் சேர்ந்துகொள்கிறது. ஹாம்லெட் ஏன் இவ்வளவு தயங்குகிறான் என்ற பழைய புதிருக்கு இப்படம் ஒரு விடையைத் தருகிறது. உண்மை வெளிப்படுவது மரணத்துக்குப் பின்புதான்: நெஞ்சில் கைவைத்துப் பார்க்கும் ஹொரேஷியோ, அப்போதுதான் தன் நண்பன் யார் என்பதை அறிகிறான்.

ஆண்போல நடக்கும் கோமாளித்தனம் படத்தில் எங்கும் இல்லை. கறுப்பு உடையும் குட்டை முடியும் அணிந்த அந்த உருவம் ஆணாகவும் பெண்ணாகவும் ஒருசேரத் தெரிகிறது. எந்த ஒன்றாகவும் முழுமையாக வாழ விடப்படாத ஓர் உயிரின் தனிமை அதில் இருக்கிறது. அவரது படங்களில் மிகச் சிறந்தது எது என்று கேட்டால் நான் தயங்காமல் இதையே சொல்வேன்.

கிரேட்டா கார்போவுடன் நடித்தாரா?

நடித்தார். கே. வி. பாப்ஸ்ட் இயக்கிய ‘டி ஃப்ராய்ட்லோச காச’ (மகிழ்ச்சியற்ற தெரு, 1925) என்ற படத்தில். முதல் உலகப்போருக்குப் பிந்தைய வியன்னா நகரம். பணவீக்கத்தில் நடுத்தர மக்கள் நொறுங்கிக் கிடக்கிறார்கள். இறைச்சிக் கடை முன் இரவு முழுவதும் வரிசையில் நிற்கிறார்கள். வெர்னர் கிராவ்ஸ் நடித்த கசாப்புக்காரன் இறைச்சிக்கு விலையாகப் பெண்களைக் கேட்கிறான். அந்தத் தெருவின் இரு பெண்களில் ஒருத்தி கார்போ, மற்றவள் ஆஸ்டா. கார்போவின் பாத்திரம் விழாமல் தப்புகிறது. ஆஸ்டாவின் மரியா விழுகிறாள். காதலன்மீது கொண்ட ஆசையும் பொறாமையும் அவளைக் கொலைவரை கொண்டுசெல்கின்றன.

படம் பல நாடுகளில் தணிக்கையாலும் விநியோகஸ்தர்களாலும் வெட்டப்பட்டது. கார்போ ஹாலிவுட்டில் புகழ்பெற்றதும் அவரது பகுதியை முன்னிறுத்தி, ஆஸ்டாவின் கதையைக் குறைத்த பிரதிகள் வெளிநாடுகளில் ஓடின. மூத்த நடிகையின் ஆழமான நடிப்பைப் பல நாட்டு மக்கள் பார்க்காமலேயே போனது வருத்தத்துக்குரியது. பிற்காலத்தில் ஆவணக் காப்பகங்கள் துண்டுகளைத் தேடி ஒன்றுசேர்த்த பிறகே அந்தப் பகுதி ஓரளவு மீண்டது.

1920களின் மற்ற முக்கியப் படங்கள் எவை?

ஸ்வீடன் நாடகாசிரியர் ஸ்ட்ரின்ட்பெர்க்கின் நாடகத்தைத் தழுவிய ‘மிஸ் ஜூலி’ (1922), லூலு என்ற நாயகியாக அவர் நடித்த ‘எர்ட்கைஸ்ட்’ (1923), நார்வே நாடகாசிரியர் இப்சனின் ‘ஹெட்டா காப்ளர்’ (1925) ஆகியவை மேடை இலக்கியத்திலிருந்து வந்தவை. தாய்நாட்டு மேடை தரமறுத்த தரத்திலான வேடங்களைத் திரையில், வேறொரு நாட்டில், அவர் தேடி எடுத்துக்கொண்டார் என்றே இதைப் பார்க்கவேண்டும்.

1927இல் புரூனோ ரான் இயக்கிய ‘டிர்னன்ட்ராகோடியெ’ படத்தில் முதுமையை எட்டிவரும் விலைமகள் அவுகுஸ்டவாக நடித்தார். வீட்டைவிட்டு வெளியேறிய இளம் மாணவன் ஒருவனுக்கு அவள் அடைக்கலம் தருகிறாள். இனி புதுவாழ்வு என்று நம்பி, ஆண்டுக்கணக்காகச் சேர்த்த பணத்தைக் கொண்டு ஒரு சிறிய மிட்டாய்க் கடை வாங்கப் போகிறாள். திரும்பி வருவதற்குள் அவன் இளம்பெண் ஒருத்தியிடம் மனத்தைப் பறிகொடுத்துவிடுகிறான். நாற்பத்தைந்து வயதைக் கடந்த நடிகை, தன் வயதை மறைக்காமல், கண்ணாடி முன் அமர்ந்து தன் முகத்தின் சுருக்கங்களைத் தானே பார்க்கும் அந்தக் காட்சிகளில் கலையும் துணிவும் ஒன்றாகவே வெளிப்படுகின்றன.

பேசும் படம் வந்தபின் என்ன ஆயிற்று?

1920களின் பிற்பாதியிலேயே அவர் ஜெர்மன் நாடக மேடைகளுக்குத் திரும்பியிருந்தார். ஆகையால் குரலுக்கோ வசனத்துக்கோ அஞ்சியவர் அல்லர். ‘உன்மோக்லிஹ லீப’ (நடவாத காதல், 1932) அவரது ஒரே பேசும் படம். வளர்ந்த மகள்களை உடைய சிற்பியாக அதில் வருகிறார்; தாயாக இருப்பதாலேயே அவளுக்குக் காதல் மறுக்கப்படுகிறது. தாழ்ந்த, உறுதியான குரல் அவருக்கு இடையூறாக இல்லை. ஆனால் ஐம்பது வயதைக் கடந்த பெண்ணை மையமாகக் கொண்ட கதைகளை எழுத அன்றைய திரையுலகம் முன்வரவில்லை. அடுத்த ஆண்டிலேயே நாட்டின் அரசியலும் மாறிவிட்டது.

நாஜி ஆட்சியில் அவரது நிலைப்பாடு என்ன?

புதிய ஆட்சியாளர்கள் அவரது புகழைப் பயன்படுத்திக்கொள்ள விரும்பினார்கள். அவருக்கென்று தனித் திரைப்பட நிறுவனம் அமைத்துத் தருவதாக நாஜிப் பிரசார அமைச்சர் கோயபெல்ஸ் தரப்பிலிருந்து அழைப்பு வந்ததாகவும், அவர் அதை ஏற்கவில்லை என்றும் அவரது வாழ்க்கை வரலாறுகள் கூறுகின்றன. கால் நூற்றாண்டு வாழ்ந்து உழைத்த நாட்டை விட்டு 1930களின் பிற்பாதியில் டென்மார்க்குக்குத் திரும்பினார்.

போர்க்காலத்தில் அவர் செய்த ஓர் உதவி அதிகம் பேசப்படுவதில்லை. ஜெர்மனியில் சிக்கித் தவித்த யூதர்களுக்கு உணவுப் பொட்டலங்கள் அனுப்பிவந்த டேனிஷ் இளைஞர் ஒருவருக்கு அவர் பணம் கொடுத்து உதவினார். அவ்வாறு உதவி பெற்றவர்களுள் டிரெஸ்டனில் வாழ்ந்த மொழியறிஞர் விக்டர் கிளெம்பரரும் ஒருவர்.

சொந்த வாழ்க்கை குறித்து என்ன தெரியும்?

ஊர்பான் காட்டுடனான மணவாழ்வுக்குப் பிறகு 1919இல் ஸ்வீடனைச் சேர்ந்த ஃப்ரெடி விங்கோர்ட் என்பவரை மணந்தார். அது சில ஆண்டுகளில் முடிந்தது. ரஷ்ய நடிகர் கிரிகோரி ஹ்மாராவுடன் 1920களில் தொடங்கிய உறவு நீண்டகாலம் நிலைத்தது. படங்களிலும் மேடையிலும் இருவரும் சேர்ந்து நடித்தார்கள்.

பால்டிக் கடலில் உள்ள ஹிடன்ஸே தீவில், கட்டடக் கலைஞர் மாக்ஸ் டவுட் வடிவமைத்த வளைந்த சுவர்களைக் கொண்ட சிறு வீட்டை வாங்கி, அதற்குக் ‘காருசெல்’ (ராட்டினம்) என்று பெயர் வைத்தார். கவிஞர் யோவாகிம் ரிங்கெல்னாட்ஸ் அங்கே வந்துபோன நண்பர்களுள் ஒருவர். அந்த வீடு இப்போது அவரது நினைவில்லமாகப் பேணப்படுகிறது.

மகள் யெஸ்டா 1964இல், தாய் உயிரோடு இருக்கும்போதே, இறந்தார். 1970இல், எண்பத்தெட்டாவது வயதில், கலைப்பொருள் வணிகர் கிறிஸ்டியன் தேடவை ஆஸ்டா மணந்தார். வாழ்வின் கடைசி இரண்டு ஆண்டுகளுக்கும் சற்று முன்னால் கிடைத்த துணை அது.

டென்மார்க் அவரை எப்படி நடத்தியது?

திரும்பி வந்தவருக்குக் கோபன்ஹேகன் மேடையில் சில வேடங்கள் கிடைத்தன. டேனிஷ் சினிமா அவரைப் பயன்படுத்திக்கொள்ளவே இல்லை. 1910களில் செய்த அதே தவற்றை 1940களிலும் தாய்நாடு செய்தது என்பது என் துணிபு. அவர் ஓய்ந்துவிடவில்லை. 1945, 1946 ஆண்டுகளில் ‘பத்தாவது கலைத்தேவதை’ என்ற தன்வரலாற்றை இரு பாகங்களாக வெளியிட்டார். நடிகையர் எழுதிய தன்வரலாறுகளில் எழுத்தின் தரத்துக்காகவே படிக்கத்தக்கது. வண்ணத் துணித்துண்டுகளை வெட்டி ஒட்டிப் படங்கள் ஆக்கும் கலையில் ஈடுபட்டு, கண்காட்சியும் வைத்தார். 1968இல், எண்பத்தாறு வயதில், தன்னைப் பற்றிய ஆவணப்படத்தைத் தானே இயக்கினார்.

ஜெர்மனியோ 1963இல் வாழ்நாள் பணிக்கான திரைப்பட விருதை அவருக்கு வழங்கியது. இன்று டென்மார்க் திரைப்பட நிறுவனத்தின் கோபன்ஹேகன் சினிமாடெக்கில் (பழைய படங்களைத் திரையிடும் மையம்) உள்ள திரையரங்குகளுள் ஒன்று ‘ஆஸ்டா’ என்ற பெயரைத் தாங்கியிருக்கிறது.

எல்லாப் படங்களும் கிடைக்கின்றனவா? எதிலிருந்து தொடங்கலாம்?

கிடைப்பதில்லை. தீப்பற்றக்கூடிய நைட்ரேட் சுருள்களில் பதிவான பல படங்கள் அழிந்துவிட்டன. லூபிட்ச் இயக்கத்தில் அவர் நடித்த ‘ரவுஷ்’ (1919) அவற்றுள் ஒன்று. எஞ்சியவற்றை டென்மார்க், ஜெர்மனி ஆகிய நாடுகளின் காப்பகங்கள் பேணுகின்றன. ‘ஹாம்லெட்’டின் வண்ணச் சாயமூட்டப்பட்ட பிரதி ஒன்று கண்டெடுக்கப்பட்டு, இந்நூற்றாண்டில் புதுப்பிக்கப்பட்டது.

புதிதாகப் பார்ப்பவர்கள் ‘படுகுழி’யிலிருந்து தொடங்கலாம், நாற்பது நிமிடத்துக்குள் முடிந்துவிடும். அதே ஆண்டுகளில் வெளிவந்த வேறொரு படத்தை முதலில் பார்த்துவிட்டு இதைப் பார்த்தால் வேறுபாடு பளிச்சென்று புலப்படும். அடுத்து ‘எங்கெலைன்’, பிறகு ‘ஹாம்லெட்’, கடைசியாக ‘டிர்னன்ட்ராகோடியெ’ என்ற வரிசையில் போவது நல்லது. இடையெழுத்து அட்டைகள் புரியாவிட்டாலும் முதல் படத்தைப் பொறுத்தவரை பெரிய இழப்பில்லை. ‘ஹாம்லெட்’டுக்கு மட்டும் மேலே தந்துள்ள கதைச் சுருக்கத்தைப் படித்துவிட்டு உட்காருங்கள். இயன்றால் பெரிய திரையில் பாருங்கள். அவர் கண்ணிமைகள் தாழ்வதுகூட ஒரு செயல் என்பது கைப்பேசித் திரையில் தெரியாது.